கறுப்பு மையில் எழுதிய காகிதம்

அன்புள்ள சின்னவளுக்கு,

நானும் அம்மாவும் நலம். சுவரின் நலத்தைப் பற்றித்தான் உறுதியாகச் சொல்ல முடியவில்லை. முழங்கால் அறுவை சிகிச்சைக்குப் பிறகு அம்மாவால் குனிந்து சோப்பு எடுக்க முடிவதில்லை, அதனால் குளியலறைச் சுவரைக் குடைந்து உள்ளே ஓர் அலமாரி பதிக்க ஆசைப்பட்டாள். கொத்தனார் வந்து எங்கள் படுக்கையறைப் பக்கத்துச் சுவரில் கோடு போட்டார். மாடியில் உன் அறைச் சுவர் இதன் மேல்தானே உட்கார்ந்திருக்கிறது என்று மெதுவாகக் கேட்டேன். "சார், இது சும்மா தடுப்புச் சுவரு, நீங்க போய் பேப்பர் படிங்க" என்றார். "அவர் முப்பது வருஷமா கட்டுறார், நீங்க முப்பது வருஷமா படிக்கிறீங்க" என்று அம்மாவும் சேர்ந்துகொண்டாள். நான் போய்ப் பேப்பர் படித்தேன்.

அவர் டீ குடிக்கப் போனதும் கதவோரம் சுவரின் தடிமனை அளந்து பார்த்தேன். பூச்சு நீங்கலாக ஒன்பது அங்குலம். எதையும் தாங்காத சமையலறைத் தடுப்பு நாலரைதான். மூன்று முறை அளந்தும் என் மேலேயே எனக்கு நம்பிக்கை வரவில்லை. மூன்றாம் நாள், குடைந்த மூலையிலிருந்து மேலே ஒரு மயிரிழை விரிசல். பூச்சு வெடிப்பு, வெள்ளையடித்தால் போய்விடும் என்றார் கொத்தனார். நான் வாதாடவில்லை. விரிசலுக்குக் குறுக்கே மெல்லிய காகிதத் துண்டை ஒட்டி அன்றைய தேதியைக் குறித்தேன், சுவர் அசைந்தால் அது கிழியும். இரண்டு நாள் கிழியவில்லை. மூன்றாம் நாளும் கிழியவில்லை, ஆனால் தேதி நீல மையில் இருந்தது. நான் எழுதுவது கறுப்பில். காலை முழுவதும் கொத்தனாரின் சட்டைப் பையையே பார்த்துக்கொண்டிருந்தேன், அதில் சிவப்புப் பென்சில்தான் இருந்தது. பிறகு என்னையே சந்தேகித்து என் மேசை இழுப்பறையைத் துழாவினேன். மதியம் அம்மாவின் மளிகைச் சீட்டைப் பார்த்தேன், அதே நீலம். கேட்டதற்கு அடுப்பிலிருந்து திரும்பாமலே சொன்னாள், "கிழிஞ்சிருந்துச்சு. நீங்க பார்த்தா தூங்க மாட்டீங்கன்னு புதுசு ஒட்டினேன்."

யார் ஒட்டியது என்று தெரிந்த நிம்மதி ஒரு கணம்தான் இருந்தது. அடுத்த மாதம் நீ கைக்குழந்தையோடு வந்து படுக்கப்போவது அந்தச் சுவருக்கு மேலே அல்லவா. குளியலறை வாசலில் போய் நின்று "வேலையை நிறுத்துங்க" என்றேன். அது என் குரல்தானா என்று எனக்கே தெரியவில்லை, கொத்தனார் உளியைக் கீழே வைத்துவிட்டார். மறுநாள் வந்த பொறியாளர் தட்டிப் பார்த்துவிட்டு, மாடியைத் தாங்குவதே இந்தச் சுவர்தான் என்று இரும்பு முட்டுக் கொடுக்கச் சொன்னார், குழியைச் செங்கல் வைத்து அடைத்தாயிற்று. "இது தாங்குற சுவருன்னு நான் அன்னைக்கே சொன்னேனே" என்கிறார் இப்போது கொத்தனார். அம்மாவின் சோப்புக்கு எதிர்ச் சுவரில் இடுப்புயரத்தில் ஒரு மரத்தட்டு மாட்டியிருக்கிறோம்.

நீயும் மாப்பிள்ளையும் குழந்தையும் ஒரு குறையுமின்றி இருங்கள். வரும்போது கீழே முன்னறையிலேயே படுங்கள், மாடி வேண்டாம். அடைத்த இடத்தின் மேல் புதிய காகிதம் ஒட்டியிருக்கிறேன், பசைப் புட்டி என் இழுப்பறையில் பூட்டியிருக்கிறது. எல்லாம் சரியாக இருக்கிறது என்று அம்மா போனில் சொன்னால் நம்பிவிடாதே, தேதி எந்த மையில் இருக்கிறது என்று கேள்.

இன்று காலை வரை கிழியவில்லை.

கறுப்பு மையில்,
உன் அப்பா