வெண்ணி இறந்தாள் என்று எழுதச் சொன்ன ஓலை

மேலைக்குன்ற நாடு ஆளும் மன்னர், எங்கள் அரசியாரின் உடன்பிறந்தார், விறல்வேள் அவர்களின் திருமுன்பு, துறைநாட்டு அமைச்சன் நாகன் தேவன் பணிந்து வரையும் ஓலை. தங்கள் குன்றுகளில் மழை தவறாதிருக்க. தங்கள் வாயிற்கதவு வருவோர்க்கெல்லாம் திறந்தே இருக்க.

ஓலையின் முனை கருகியிருப்பது கண்டு கலங்க வேண்டாம். முனை கருகிய சாவோலையை எல்லைக் காவலர் பிரித்துப் பார்ப்பதில்லை என்பதால் நானே கருக்கினேன். தங்கள் மருமகள் வெண்ணி உயிரோடு இருக்கிறாள்.

காய்ச்சலில் இறந்தவன் அவளுக்கு ஒரு வயது மூத்த இளவரசன் சேந்தன். அவனை எரியூட்டிய பின் நீரும் அருந்தாதிருந்த அரசியார், ஒரு காலை மகளின் கூந்தலைக் களைந்து, மகனின் உடையை அவளுக்கு உடுத்தி, சேந்தா என்று கொஞ்சி அருகில் இருத்திக்கொண்டார். குழந்தை மறுக்கவில்லை. அன்றுதான் தாய் உணவு கொண்டார்.

சேந்தன் இடக்கைப் பழக்கம் உள்ளவன். வெண்ணி இப்போது வலக்கையை மேலாடைக்குள் மறைத்தே நடக்கிறாள். பழைய தோழியர் எதிர்ப்பட்டால், அறியாதவள்போல் கடந்து செல்கிறாள்.

இளவரசி இறந்தாள் என்று அண்டை நாடுகளுக்கெல்லாம் எழுதுமாறு எனக்கு ஆணை வந்துள்ளது. வரும் முழுநிலவில் அவளுக்கு நீர்க்கடன் செய்வார்கள். அதன்பின் அவள் பெயரைச் சொல்வதே குற்றமாகும். அரசியாரிடம் மன்றாடினேன். மகளைப் பறிகொடுத்தவளிடம் பேசும் பேச்சா இது என்று கேட்டு அழுதார். மன்னரே, அந்த அழுகையில் பொய் இல்லை.

நான் ஓலை நறுக்கிக்கொண்டிருந்தபோது குழந்தை வந்தாள். அவள் சொன்னதை மாற்றாமல் எழுதுகிறேன்: “மாமாவுக்கும் எழுதுறீங்களா? மாமா அழுவாரே. அவருக்கு மட்டும் நான் இருக்கேன்னு சொல்லிடுங்க. அம்மாவுக்குத் தெரிய வேண்டாம். இப்பதான் சாப்பிடுறாங்க.”

நீர்க்கடனுக்கு முன் தாய்மாமன் வந்து மடியில் இருத்திப் பெயர் சொல்லி அழைத்துவிட்டால், அக்குழந்தைக்கு அதைச் செய்ய எங்கள் நாட்டு முறை இடந்தராது. அந்த உரிமை தங்கள் ஒருவருக்கே உண்டு. முழுநிலவுக்கு முன் வந்து சேர்ந்தருள்க.

அரச முத்திரை அரசியாரிடம் உள்ளது. ஆதலால் என் கணையாழியைப் பொறித்தேன். கண்டதும் இவ்வோலையை எரித்துவிடுக.

வெண்ணி என்று அழைத்தால் முதலில் அவள் திரும்பமாட்டாள். இன்னும் ஒருமுறை அழைத்தருள்க.