செந்தளிருக்கு ஒன்பது நாள்

நாள் 1 — 06:10
மரக்கூடம். இலுப்பை மரங்கள் பதினொன்று. வெப்பம் 29. தண்ணீர் நிறுத்தப்பட்டது.
எழுதுபவள் பிலோமினா, தாவரவியல் பிரிவு. செவ்வாயில் ஏழாவது வருடம். நிலையத்தில் என்னோடு சேர்த்து முப்பத்தொரு பேர். அதில் எட்டுப் பேர் இங்கேயே பிறந்த குழந்தைகள். எல்லாருடைய மூச்சும் இந்த மரங்களின் இலையிலிருந்துதான் வருகிறது. இலைகள் கிழடாகிவிட்டன. மாதாமாதம் காற்று குறைகிறது. பழையது உதிர்ந்தால்தான் புதியது வரும். உதிர்வதற்கு மரத்துக்கு ஒரு கோடை வேண்டும். இங்கே கோடையும் கிடையாது, மழையும் கிடையாது. ஸ்விட்ச் உண்டு. ஆகவே கோடையை நானே போடுகிறேன். ஈரக் காற்று நுழையாதபடி கதவை உள்ளிருந்து அடைத்தாகிவிட்டது. இனி ரேடியோதான் துணை.

நாள் 9 — 16:00
வெப்பம் 38. இலைகள் மஞ்சளாகிக் கொட்டுகின்றன. வெள்ளிக்கிழமைப் பாடம், ரேடியோ வழியாக. ஆறு வயது இசக்கி காமிராவில் பார்த்துவிட்டாள்.
"அத்தே, மரம் எல்லாத்தையும் கீழ போடுதே. செத்துப்போச்சா?"
நான் சொன்னது: "சாவல கண்ணு. எலதான் மரத்துக்கு அடுப்படி. வெளிச்சத்த வச்சு அங்கதான் சோறாக்கும். தண்ணி இல்லாம எப்படி ஆக்க? அதான் அடுப்படிய மூடிட்டு, காம்புல ஒரு குட்டிக் கதவ சாத்திருது. எல உதுந்துரும்."
"அப்ப பசிக்காதா?"
"தண்டுக்குள்ள சேத்து வச்சிருக்கும். அதத் தின்னுட்டுக் கெடக்கும்."
எட்டுப் பேரும் நிம்மதியானார்கள். பெரியவர்களைச் சமாதானப்படுத்துவதுதான் பெரும்பாடு.

நாள் 13 — 07:30
மரங்கள் மொட்டை. கூடத்துக்கும் நிலையத்துக்கும் இடையே காற்று போய்வரும் வால்வை மூடினேன். இது கையால் சுழற்றுகிற வால்வு, உள்ளேயிருந்து மட்டுமே திறக்கும். இனி நிலையத்துக்கும் எனக்கும் காற்றுச் சேமிப்புத் தொட்டிதான். இருபது நாளுக்குப் போதும். இன்றிலிருந்து பதினைந்தாம் நாள் துளிர்க்கும் என்பது என் கணக்கு.
நிலையத் தலைவர் கோமதிநாயகம் பேசினார்: "ஏ பிலோ, காமிராவுல பாத்தா வெறகுக்கடை கணக்கால்லா இருக்கு. நெசமாவே திரும்ப வருமா?"
"வரும் அண்ணாச்சி."
"நீ சொன்னா சரிதான்."
அவர் இப்படி நம்புவதுதான் எனக்குப் பயமாக இருக்கிறது.

நாள் 24 — 11:20
வெப்பம் 43. மின்விசிறி மோட்டார் எரிந்துவிட்டது. உதடு வெடித்து எரிகிறது. நகத்தால் கிளையைச் சுரண்டினேன். தோலுக்கு அடியில் பச்சை. இன்னொன்றைச் சுரண்டினேன், அதிலும் பச்சை. பதினொன்றையும் பார்த்துவிட்டுக் கீழே உட்கார்ந்து அழுதேன். நாளை மறுநாள் மழை. அதாவது குழாயைத் திறப்பேன்.

நாள் 28 — 05:40
துளிர்! எல்லா மரத்திலும்! கிளை நுனியெங்கும் செக்கச் சிவந்த தளிர்கள். நிலையத்துக்குச் சொன்னேன். அந்தப் பக்கம் ஒரே கூச்சல். மூன்று நாளாகத் தூக்கமில்லை. படுக்கிறேன்.

நாள் 28 — 19:50
பதினான்கு மணி நேரம் தூங்கியிருக்கிறேன். ரேடியோவில் பாட்டும் கைதட்டலும். காற்றுத் தொட்டியை முழுசாகத் திறந்துவிட்டுக் காலையிலிருந்து ஓட்டப்பந்தயமாம். "நீதான் வந்துட்டுன்னு சொன்னியே பிலோ, புள்ளைக ஆசை தீர ஓடட்டும்னு விட்டேன்" என்கிறார் அண்ணாச்சி.
பிறகு இசக்கி: "அத்தே, எல ஏன் செவப்பா இருக்கு?"
பதில் சொல்ல வாயெடுத்தேன். அப்போதுதான் உறைத்தது.
தளிர் சிவப்பாக இருப்பது வெயிலிலிருந்து தன்னைக் காத்துக்கொள்ள. அதில் பச்சை இன்னும் ஊறவில்லை. பச்சை ஊறும்வரை அது எதையும் சமைக்காது, காற்றும் தராது; வளர்வதற்கு நம் காற்றைத்தான் எடுத்துக்கொள்ளும். இலுப்பைக்கு ஒன்பது நாள் ஆகும். எனக்குத் தெரியாததா? தெரியும். கணக்குப் போட்டபோது துளிர்க்கும் நாளோடு கோடு கிழித்து முடித்துவிட்டேன். என் புத்தியைச் செருப்பால் அடிக்க வேண்டும்.

நாள் 28 — 20:30
அண்ணாச்சியிடம் மறைக்காமல் சொன்னேன். எல்லாரும் படுத்துவிட வேண்டும். நடக்கக்கூடாது, பேசக்கூடாது, ரேடியோகூட வேண்டாம். அப்படிக் கிடந்தாலும் ஒன்பது நாளைக்கு ஓர் ஆளின் மூச்சுக்கான காற்று குறைகிறது. இன்றைக்கு ஓடாமல் இருந்திருந்தால் குறைந்திருக்காது. அதையும் சொல்லித் தொலைத்தேன். சொல்லியிருக்க வேண்டாம்.
அந்த ஓர் ஆள் நானாக இருக்கிறேன் என்றேன்.
"வால்வ யாரு தொறப்பா? கோட்டி மாதிரி பேசாத. நீ வால்வப் பாத்துக்க, மிச்சத்த நான் பாத்துக்கிடுதேன்."
ரேடியோவை அணைத்துவிட்டார்.

நாள் 32
மணி பார்க்கவில்லை. சிவப்பு. தலைவலி. தளிரை எண்ணிப் பார்த்தேன், பாதியில் விட்டுவிட்டேன். அந்தப் பக்கம் சத்தமே இல்லை. சத்தம் போடாதே என்றவள் நான். சொன்ன பேச்சை நன்றாகக் கேட்கிறார்கள்.

நாள் 35
செம்பு நிறம். நரம்போரம் கொஞ்சம் பச்சை, அல்லது என் கண்ணின் கோளாறு. இசக்கியின் பெயர் சற்று நேரம் நினைவுக்கு வரவில்லை. பயந்துவிட்டேன்.

நாள் 37 — 09:15
பச்சை. கருவி சொல்கிறது, கண்ணும் சொல்கிறது. வால்வைத் திறந்தேன். மூன்று முறை கை வழுக்கியது. காற்று அந்தப் பக்கம் போகிறது.
நிலையத்தை அழைத்தேன். பதில் இல்லை.
09:40. பதில் இல்லை.
10:05. அங்கிருந்து திரும்பி வரும் காற்றில் மூச்சு தெரிகிறது! உயிரோடு இருக்கிறார்கள். முப்பது பேர் படுத்து மூச்சுவிட்டால் என்ன அளவு வர வேண்டும் என்று எனக்குத் தெரியும். இருபத்தொன்பது பேருக்கு உரியதுதான் வருகிறது. கருவியைத் துடைத்துவிட்டுப் பார்த்தேன். அதே எண்.

நாள் 37 — 10:30
இசக்கியின் குரல், கிசுகிசுப்பாக:
"அத்தே, இனிமே பேசலாமா? கோமதி தாத்தா ரேடியோவ அணைச்ச அன்னைக்கே வெளிவாசல் ரூமுக்குப் போயி உள்ள தாப்பாப் போட்டுக்கிட்டாவ. காத்து வர்ற வரைக்கும் அத்தைட்ட யாரும் சொல்லக்கூடாதுன்னுட்டுப் போனாவ."
அந்த அறைக்குக் காற்றுக் குழாய் கிடையாது.
மைக்கை அழுத்தினேன். "பேசலாம் கண்ணு" என்றேன்.

நாள் 37 — 10:50
எல்லாரும் ஒரே நேரத்தில் பேசுகிறார்கள், அழுகிறார்கள், என் பெயரைச் சொல்லித் திட்டுகிறார்கள். இத்தனை குரலுக்குள் அண்ணாச்சியின் குரலைத் தேடிக்கொண்டிருக்கிறேன். முட்டாள்தனம்தான். இருந்தாலும் ஸ்பீக்கரை அணைக்கவில்லை.