நகல் கடைக்குப் போய் வரும் நேரம்

மார்ச் 4
கணவர் மேல் நான் போட்ட வழக்கு மறுபடியும் தள்ளிப்போயிற்று. அதற்கு முன் அவருடைய வக்கீல் (அவர் என்ன அவர், அவன்!) ஒரு பழைய பதிவுச் சீட்டை நீட்டினார். "இது உங்க கையெழுத்துதானேம்மா?"

என் கையெழுத்துதான். ஆஸ்பத்திரிப் பதிவுக் கவுண்டரில் ஒன்பது வருடமாகச் சீட்டு எழுதுகிறவள் நான். அவன் என் வலது மணிக்கட்டை உடைத்த அன்று, அவன் பக்கத்தில் நிற்க, இடது கையால் கோணல்மாணலாக என் சீட்டை நானே எழுதினேன். காயத்துக்குக் காரணம்: குளியலறையில் வழுக்கி விழுந்தது.

அந்த ஒரு வரியை வைத்து என்னைப் பொய்க்காரி ஆக்குகிறார்கள். என் மடத்தனம். இல்லை, மடத்தனம் இல்லை. பயம்.

மார்ச் 5
அம்மா போனில்: "விட்டுத் தொலையேன்டி. கோர்ட்டு கோர்ட்டுன்னு அலைஞ்சு என்னத்தக் கண்டே?" போனை வைத்துவிட்டேன்.

மார்ச் 11
இன்று ஒருத்தி. உதடு கிழிந்திருந்தது. கேட்டது அவளிடம், பதில் சொன்னது ஒட்டிக்கொண்டு நின்ற புருஷன். "படியில விழுந்துட்டா."

எனக்கு எங்கிருந்து வந்ததோ! "அடையாள அட்டை நகல் வேணும் சார். தெருமுனைக் கடையில எடுத்துட்டு வாங்க" என்றேன். நகலும் வேண்டாம், ஒரு மண்ணும் வேண்டாம். அவன் போனதும் மெதுவாகக் கேட்டேன். தரையைப் பார்த்துக்கொண்டே சொன்னாள்: "விழுந்தேன்னே எழுதுங்கக்கா."

எழுதினேன். பேனாவைத் தூக்கி எறியலாம் போல இருந்தது.

மார்ச் 19
இதுவரை ஆறு பேரை நகல் கடைக்கு அனுப்பியாயிற்று. இரண்டு பெண்கள் உண்மையைச் சொன்னார்கள். சொன்னதை அப்படியே எழுதி, டாக்டரிடம் தனியாக அனுப்பினேன். ஆறில் இரண்டு. எரிச்சலாக வருகிறது.

மார்ச் 20
மாட்டிக்கொண்டேன். எவனோ ஒரு புருஷன் புகார் செய்துவிட்டான். எங்கள் கண்காணிப்பாளரம்மா, நாங்கள் வைத்த பெயர் சட்டப்புத்தகம், எல்லார் முன்னாலும் பிடித்துக்கொண்டார்.

"நகல் எந்த விதியில இருக்கு? காட்டு."

காரணத்தைச் சொன்னேன். தெருப்பக்கம் திரும்பிப் பார்த்துவிட்டுக் கேட்டார்.

"அந்தக் கடைக்குப் போய்ட்டு வர எவ்வளவு நேரமாகும்?"

"கூட்டம் இருந்தா பத்து நிமிஷம்."

"பத்து நிமிஷத்துல என்னத்தக் கிழிச்சுடுவே நீ?"

இன்னொரு தடவை செய்தால் மருந்துக் கிடங்குக்கு மாற்றிவிடுவாராம். சே, இவரும் ஒரு பெண்தானே!

மார்ச் 21
நிறுத்தவில்லை.

ஏப்ரல் 2
நீதிபதி விடுப்பு. வழக்கு தள்ளிப்போயிற்று. எத்தனையாவது தடவை என்று எண்ணுவதை விட்டுவிட்டேன்.

மதியம் அந்த உதடு கிழிந்த பெண் தனியாக வந்தாள். இந்தத் தடவை கன்னம். "அந்தப் பழைய சீட்டை மாத்தி எழுத முடியுமாக்கா?" முடியாது என்றேன். என்னுடையதையே மாற்ற முடியவில்லையே! புதிதாக ஒன்று எழுதினோம். அவள் சொல்லச் சொல்ல நான் எழுதினேன். திங்கட்கிழமை லீவு போட்டு அவளோடு போலீஸ் ஸ்டேஷனுக்குப் போகிறேன்.

ஏப்ரல் 9
"அடுத்தது" என்று நிமிர்ந்தேன். சட்டப்புத்தகம். ஜன்னலுக்கு வெளியே, நோயாளிகள் வரிசையில். இடது கையைத் துண்டால் கட்டித் தொங்கவிட்டிருந்தார். பக்கத்தில் அவர் கணவர்.

"கால் இடறி விழுந்துட்டா" என்றார் அந்த ஆள், சிரித்த முகமாக.

நகல் கேட்க வேண்டும். மேலதிகாரி ஆயிற்றே. எத்தனை பேரிடம் சொன்ன பொய், இப்போது நாக்கில் ஒட்டிக்கொண்டது.

கண்காணிப்பாளரம்மாதான் கணவர் பக்கம் திரும்பினார். "அடையாள அட்டை நகல் வேணுங்க. தெருமுனைக் கடையில எடுத்துட்டு வாங்க."

"இங்கயே வேலை பாக்கறே, உனக்கு எதுக்கு நகல்?"

"விதி" என்றார்.

அந்த ஆள் வாசலைத் தாண்டும் வரை இருவரும் பார்த்துக்கொண்டிருந்தோம்.

"எழுது" என்றார். "பத்து நிமிஷந்தான் இருக்கு."