மகாசருவத்தில் தண்ணீர்

என் உயிர் அண்ணனுக்கு,

இல்லை, பரணில் இல்லை. சருவத்தை அம்மா கீழே இறக்கிவிட்டாள். புளி போட்டுத் துலக்கி, கூடத்தில் உன் படத்துக்கு முன்னால் வைத்திருக்கிறாள். நிறைய ஆற்றுத் தண்ணீர். தினமும் காலையில் குடத்தோடு போய் மாற்றுகிறாள்.

உனக்கு நினைவிருக்கிறதா? பள்ளிக்கூட நாட்களில் விளையாட்டுக்காக நீ கதையில் ஒரு நாடு கட்டினாய். ஏழாங்கரை. ஓர் ஆற்றுக்கு எப்படி ஏழு கரை இருக்கும் என்று கேட்டேன். "ஏட்டி, அங்கன ஆறு அப்படித்தான் ஓடும்" என்றாய்.

அந்த நாட்டில் ஒரே ஒரு பொருளுக்காக அரசர்கள் செத்தார்கள். மகாசருவம். முழுகிப்போன கோயிலின் மணியை உருக்கி வார்த்தது. அதைத் தொட்டுப் பார்ப்பதற்காக ஓர் அரசன் தன் நாக்கை அறுத்துக் கொடுத்தான். நம் வீட்டில் அது, விசேஷத்துக்குப் புளியோதரை கிளறும் வெண்கலச் சருவம்.

விதியும் நீ வைத்ததுதான். இறந்தவனோடு ஒரே வயிற்றில் பிறந்தவர் தண்ணீருக்குள் முகத்தை வைக்க வேண்டும். இறந்தவன் வாசல் வழியாகத் திரும்பி வருவான். முகம் வைத்தவர் அவனுக்குப் பதிலாகப் போய்விடுவார்.

விளையாட்டில் சாவது எப்போதும் நீதான். "ஒனக்குச் சாவத் தெரியாது, சிரிச்சிருவ." நான் மூச்சை அடக்கி முகத்தை அமிழ்த்துவேன். நீ கொல்லை வழியாக ஓடி, தெருவைச் சுற்றி, வாசலில் ஏறுவாய். அரசனைப் போல. என் பங்கு முறுக்கையும் நீயே தின்பாய். நான்தான் போய்விட்டேனே. அம்மா அடுப்படியிலிருந்து பார்த்துக்கொண்டிருப்பாள். சிரிக்கிறாள் என்று நினைத்திருந்தேன். மனப்பாடம் செய்துகொண்டிருந்திருக்கிறாள்.

இங்கே நடவு முடிந்துவிட்டது. அப்பா காலையில் டீக்கடைக்குப் போகிறார், பொழுது சாய்ந்து வருகிறார். நடுவில் எங்கே இருக்கிறார் என்று யாரும் கேட்பதில்லை. நீ மோதிய வைக்கோல் டிராக்டருக்குப் பின்விளக்கு போட்டுவிட்டார்கள். நம் தெரு வழியாகத்தான் போகிறது. சிவப்பாக, நன்றாக எரிகிறது.

போன வருடம் பல்கலைக்கழகத்தில் துக்கத்தைப் பற்றி ஒரு கட்டுரை எழுதினேன். பாராட்டினார்கள். அப்போது நீ உயிரோடிருந்தாய்.

அன்று பஸ் ஸ்டாண்டிலிருந்து என்னைக் கூட்டிவரத்தான் பைக்கை எடுத்தாய். அம்மா அதை என்னிடம் சொல்லிக்காட்டுவதில்லை. துக்கம் கேட்க வருகிறவர்களிடம் மட்டும் சொல்கிறாள், நான் காபி கொடுக்கும்போது.

"இவளக் கூப்பிடத்தான் போனான். இவ நல்லாத்தான் வந்து சேந்தா."

போன வாரம் சீவலப்பேரியிலிருந்து சித்தி வந்தாள். சருவத்தைப் பார்த்தாள்.

"என்னக்கா, யாருக்கு விசேஷம்? இத எதுக்கு இங்கன கொண்டாந்து வச்சிருக்க?"

"எம் புள்ள வருவாம்லா."

"போன புள்ள எங்கன இருந்து வரும்? கிறுக்கி மாதிரி பேசாத."

"அவந்தான் சொல்லியிருக்கான். கூடப் பொறந்தவ மொகத்த வச்சா வருவான்."

சித்தி என்னைப் பார்த்தாள். "அப்பம் இவ?"

அம்மா சருவத்தின் பக்கம் குனிந்தாள். தண்ணீரில் ஓர் எறும்பு விழுந்து தத்தளித்துக்கொண்டிருந்தது. அதை விரல் நுனியில் ஏற்றி வெளியே விட்டாள். பைய. அதற்கு வலிக்காமல்.

உன் கதையின் அரசனிடம் கொடுக்க நாக்கு இருந்தது. அம்மாவிடம் நான் இருந்தேன்.

நேற்றுச் சாயங்காலம் கேட்டேவிட்டாள்.

"ஏட்டி, ஒரு தடவ மொகத்த வச்சுத்தான் பாரேன்."

"எம்மா, அது வெளையாட்டு."

"வெளையாட்டுன்னா வைக்க வேண்டியதான?"

"அவன் வந்துட்டாம்னா? நான் எங்கன போவேன்?"

"நீ கெட்டிக்காரி. எங்கன போனாலும் பொழச்சுக்கிடுவ. அவனுக்குச் சோறு போட்டுத் திங்கக்கூடத் தெரியாது."

பாசமாகத்தான் சொன்னாள். என் முடி நனையாமலிருக்க அவளே தூக்கிக் கொண்டை போட்டுவிட்டாள். அவள் விரல் என் தலையில் பட்டு எவ்வளவு நாளாயிற்று.

முகத்தை வைத்தேன்.

வெண்கலத்தின் வாடை. குளிர். உன்னைத் தேடினேனா? தேடவில்லை. வாசற்கதவின் சத்தத்துக்காகக் காதைத் தீட்டிக்கொண்டிருந்தேன். நீ வந்துவிடக் கூடாது என்று வேண்டிக்கொண்டிருந்தேன். உன்மேல் எனக்கு எவ்வளவு பிரியம் என்று அதுவரை அளந்து பார்த்ததில்லை. ஒரு சருவத் தண்ணீர் ஆழம்கூட இல்லை.

மூச்சு முட்டி நிமிர்ந்தேன். அம்மா என்னைப் பார்க்கவில்லை. வாசலைப் பார்த்துக்கொண்டிருந்தாள். முகத்திலிருந்து சொட்டிய தண்ணீர் பாவாடையை நனைக்கும் வரை நின்றேன். அப்போதும் வாசலைத்தான் பார்த்துக்கொண்டிருந்தாள்.

பிறகு திரும்பினாள்.

"நீ முழுசா வைக்கல" என்றாள். "நாளைக்கு நல்லா வையி."

அண்ணா, ஏன் அப்படி ஒரு விதியை வைத்தாய்? ஆடு, கோழி, அரசனின் நாக்கு என்று எதையாவது சொல்லியிருக்கலாமே. ஒரே வயிறு என்று ஏன் சொன்னாய்? முறுக்குக்காகவா?

உனக்கு ஒரு வாக்குத் தருகிறேன். ஏழாங்கரையின் முடிவை நான் சொல்வேன். முகம் வைத்தவள் நிமிர்கிறாள். யாரும் வரவில்லை. அவள் அங்கேயே இருக்கிறாள். அம்மா கேட்கும்போதெல்லாம் இதைத்தான் சொல்வேன், அவள் அழுதாலும். என் முகத்தை இனி அதில் வைக்க மாட்டேன். உனக்காகவும் மாட்டேன்.

இன்று காலை அம்மா ஆற்றுக்குப் போன பிறகு, சருவத்துத் தண்ணீரை வாழைக்கு ஊற்றிவிட்டு, சருவத்தை வெல்டிங் பட்டறைக்குத் தூக்கிக்கொண்டு போனேன். அடியில் ஒரு துளை போடச் சொன்னேன். பட்டறைக்காரர் என்னை ஏற இறங்கப் பார்த்தார்.

"ஏம்மா, எல்லாரும் ஓட்டைய அடைக்கத்தான் கொண்டாருவாவ."

போட்டுக் கொடுத்தார். திரும்பி வந்து, உன் படத்துக்கு முன்னால் பழைய இடத்திலேயே வைத்தேன். அம்மா குடத்தோடு படியேறும் சத்தம் கேட்டது. தரையைத் துடைக்க ஒரு பழந்துணி எடுத்து வைத்துக்கொண்டேன்.

உன்னோடு ஒரே வயிற்றில் பிறந்து, இன்னும் இங்கேயே இருக்கும்,
தங்கை