அடுத்த ஷிப்டுக்கு

படப்பை,
ஞாயிற்றுக்கிழமை

அன்பு மகன் செந்தமிழனுக்கு,

அப்பா எழுதுவது. நானும் அம்மாவும் நலம். தோஹாவில் சாப்பாடு ஒத்துக்கொள்கிறதா என்று அம்மா கேட்கச் சொன்னாள். போனில் சொன்னால் நீ பாதியிலேயே கத்திவிட்டு வைத்துவிடுவாய், அதனால்தான் பேனாவை எடுத்தேன். முழுக்கப் படித்துவிட்டு அப்புறம் கோபப்படு.

உன் தங்கை எழிலரசியின் விவாகரத்து வழக்கு தீர்ந்துவிட்டது. இரண்டரை வருஷம் இழுத்தது, போன செவ்வாய்க்கிழமை கோர்ட்டுச் சமரச மையத்தில் நாலு மணி நேரத்தில் முடிந்தது. எழிலும் மணிகண்டபிரபுவும் மனமொத்துப் பிரிவதாகக் கையெழுத்துப் போட்டுவிட்டார்கள். நீதிபதி உத்தரவு வருவதுதான் பாக்கி. குழந்தை ஐஸ்வர்யா எழிலிடம் வளர்வாள். சனியும் ஞாயிறும், இங்கே பக்கத்திலேயே குடியிருக்கும் அவள் அப்பனிடம்.

யாரோ மிரட்டிப் பணிய வைத்துவிட்டார்கள் என்று நினைக்காதே. முடித்து வைத்தவளே உன் தங்கைதான்.

அவள் கம்பெனியில், ஷிப்ட் முடித்துப் போகிறவர்கள் அடுத்து வருகிறவர்களுக்கு ஒரு நோட்டில் எழுதி வைக்க வேண்டும். எந்த மிஷினில் என்ன கோளாறு, எதைக் கவனிக்க வேண்டும் என்று. கோளாறைத்தான் எழுதலாம், ஆளைத் திட்டி ஒரு வார்த்தை இருக்கக் கூடாது. லைன் லீடர் ஆன பிறகு அந்த நோட்டு அவள் பொறுப்பு. செவ்வாய்க்கிழமை சமரச மையத்துக்கும் ஒரு நோட்டைப் பையில் போட்டுக்கொண்டு வந்தாள். எதற்கென்று எனக்குத் தெரியாது.

உட்கார்ந்ததும் அவள் முதலில் சொன்னது, மனுவில் ஆறாவது பத்தியை எடுத்துவிடுங்கள் என்பதுதான். "அவரு குடிச்சதும் இல்ல, என்னை அடிச்சதும் இல்ல. அது எங்கப்பா எழுத வெச்சது" என்றாள், என்னைப் பக்கத்தில் வைத்துக்கொண்டே. வேலையை விட்டுவிட்டுத் தன் சொந்த ஊர் சங்கரன்கோவிலுக்கு வா என்று அவன் பிடித்த பிடிவாதமும், அதற்காக மாதக்கணக்கில் பேசாமல் இருந்ததும்தான் உண்மையான காரணம் என்றாள். எனக்கு முகத்தை எங்கே வைத்துக்கொள்வது என்று தெரியவில்லை.

அப்புறம் அந்த நோட்டை அவன் பக்கம் தள்ளினாள். மேலே 'அடுத்த ஷிப்டுக்கு' என்று எழுதியிருந்தது. மழை நாளில் குழந்தைக்கு இழுப்பு வரும், மருந்து இது. சாக்ஸ் போடாமல் தூங்க மாட்டாள். பல்லி என்றால் பயம். அப்பா எங்கே என்று கேட்டால், வேலைக்குப் போயிருக்கிறார் என்றுதான் சொல்லியிருக்கிறேன். இப்படிப் பதினோரு பக்கம். அவன் மூன்றாவது பக்கத்துக்கு மேல் படிக்க முடியாமல் மூடிவிட்டான். "பிள்ளைய எங்கண்ணுல காட்டவே மாட்டீகன்னுதானே இம்புட்டு நாளும் மல்லுக்கட்டினேன்" என்று சொல்லி அழுதான்.

நான் அப்போதும் சும்மா இருந்தேனா? சீராகக் கொடுத்த கிரைண்டரைத் திருப்பிக் கேட்டேன். கேன்டீனில் இருபது வருஷம் மாவு ஆட்டினவன் பார்த்துப் பார்த்து வாங்கினது என்றேன். எழில் சிரித்துவிட்டாள். கிரைண்டர் அவரிடமே இருக்கட்டும், ஞாயிற்றுக்கிழமை பாப்பாவுக்கு இட்லி வேண்டாமா என்றாள்.

எனக்கு அவளைப் பார்க்கப் பெருமை தாங்கவில்லையடா. வக்கீல், சொந்தக்காரர்கள், நான், எல்லோரும் சேர்ந்து சிக்கலாக்கினதை அவள் தனி ஆளாகப் பிரித்தெடுத்தாள். பொய் சொல்லி ஜெயிக்க வேண்டாம் என்று அவளுக்கு நான் சொல்லிக் கொடுக்கவில்லை. அது அவளாகவே கற்றது.

நேற்றுக் காலை அவன் குழந்தையை அழைத்துப் போக வந்தான். வாசலுக்குக் குழந்தையை அனுப்புவதற்கு முன், அன்றைக்கு அவன் மேஜையிலேயே விட்டுப்போன அந்த நோட்டின் கடைசிப் பக்கத்தில் அவனுக்கு ஒரு மன்னிப்பு எழுத உட்கார்ந்தேன். ஆனால் கை வேறு எதையோ எழுதியது: நாலு டம்ளர் அரிசிக்கு ஒரு டம்ளர் உளுந்து, வெந்தயம் ஒரு ஸ்பூன், உளுந்தைத் தனியாக ஆட்டவும்.

தம்பி, லீவில் வந்து இறங்கியதும் நேராகப் போய் அவனை அடிப்பேன் என்று நீ இரண்டரை வருஷமாகச் சொல்லிக்கொண்டிருக்கிறாய். நான் எழுத வைத்த அந்த ஒரு பத்தியை நம்பித்தானே. வா, உன் தங்கையின் தலையில் கை வைத்து நல்லா இரு என்று சொல். அவன் சட்டையைப் பிடிக்காதே. பிடித்தே ஆக வேண்டும் என்றால், என் சட்டையைப் பிடி.

எங்கே இருந்தாலும் நீ நன்றாக இருக்க வேண்டும்.

உன் அப்பா,
ஏகாம்பரம்