மில் திறக்கும் சரணம்

மக்கா,

இன்று காலை தாராவி சலூனில் முகமெல்லாம் சோப்பு நுரையோடு உட்கார்ந்திருந்தேன். ரேடியோவில் அந்தப் பழைய இந்திப் பாட்டு வந்தது. என்னையறியாமல் கூடவே பாடியிருக்கிறேன். பக்கத்து நாற்காலிக்காரர் சிரித்துக்கொண்டே, "வரியெல்லாம் தப்பாப் பாடுதீங்க அண்ணாச்சி" என்றார். அவருக்குப் பதில் சொல்ல அலுப்பாக இருந்தது. உன்னிடம் சொல்கிறேன்.

எண்பத்திரண்டில் பம்பாய் மில்களில் ஸ்டிரைக் தொடங்கியபோது அந்த டிஸ்கோ பாட்டு தெருவெல்லாம் அலறிக்கொண்டிருந்தது. நம் மில் கேட்டில் அதே மெட்டுக்கு நீ நம் வார்த்தைகளைப் போட்டாய். 'சங்கு ஊதாத மில்லுக்குச் சாயங்காலம் ஏது?' தமிழ் புரியாத மராட்டிக்காரர்களும் கை தட்டிச் சேர்ந்து பாடினார்கள். மில் திறக்கும் நாளைப் பற்றி ஒரு சரணம் கூடுதலாகக் கட்டினாய். படத்தில் அது கிடையாது. அடுத்த மாதம் திறந்துவிடும் என்று நிஜமாகவே நம்பினோம்.

திறக்கவில்லை. மழை வந்து போனது. ஊர்க்காரர்கள் பலர் திருநெல்வேலிக்கு ரயிலேறிவிட்டார்கள். உனக்கு ஓர் ஆர்கெஸ்ட்ராவில் பாட இடம் கிடைத்தது. பளபளச் சட்டையில் உன்னைப் பார்த்துக் கேலி செய்தேன். நீ சிரிக்கவில்லை. உன் பிள்ளைகளின் சோறு அந்தச் சட்டையை நம்பித்தான் இருந்தது.

பிறகு மாட்டுங்கா லேபர் கேம்ப்பில் அந்தக் கல்யாணம். பெண்ணின் அப்பா நம் ஷிப்ட்காரர். பந்தலில் பாதிப் பேர் மில்லில் வேலை போனவர்கள். வாத்தியக்காரர்கள் அந்த மெட்டை எடுக்க, நீ சினிமா வரியில் தொடங்கினாய். கூட்டம் நம் வரியில் பாடியது. கேலியாக இல்லை, அந்த மெட்டுக்கு அவர்களுக்கு வேறு வரி தெரியாது. நீ மைக்கை இறக்கிவிட்டு நின்றாய். ஆர்கெஸ்ட்ரா முதலாளி ஓரத்தில் நின்று பல்லைக் கடித்தார். பாட்டு முடியும்வரை நீ வாய் திறக்கவில்லை.

அதன் பிறகு அவர் உன்னைக் கூப்பிடவே இல்லை. வீட்டை நினைத்தாவது பாடித் தொலைத்திருக்கலாமே என்று நான் சத்தம் போட்டேன்.

"அவங்க அதப் பாடும்போது, அதுக்கு மேல நான் வேற வரிய எப்படிலே பாட?" என்றாய்.

தாதர் மார்க்கெட்டில் மூட்டை தூக்கினாய். சாகிறவரை எந்த மேடையிலும் ஏறவில்லை. அந்தக் கோபம் எனக்கு இன்னும் ஆறவில்லை. யார் மேல் என்றுதான் தெரியவில்லை.

மில் இருந்த இடத்தில் இப்போது கண்ணாடிக் கட்டடம் நிற்கிறது. சவரம் முடிந்து நான் எழுந்தபோது ரேடியோவில் பாட்டு முடிந்துவிட்டது. நம் பாட்டில் மில் திறக்கும் சரணம் மீதி இருந்தது. அதைப் பாடிக்கொண்டே வீட்டுக்கு நடந்து வந்தேன்.