அஞ்சலையின் சிரிப்பு

அக்கா,

கதவுக்கு வர்ணம் அடிக்க வந்தவர் டர்பன்டைன் டப்பாவைத் திறந்தார். அந்த நெடி கூடத்துக்குள் வந்ததும், சிதம்பரத்தில் நீங்கள் தங்கியிருந்த வாடகை அறை கண்முன் வந்துவிட்டது. ஒரு மூலையில் காமிரா, மறுமூலையில் காயாத ஓவியங்கள். நீங்கள் இறந்த செய்தி போன மாதமே வந்தது. இன்றுதான் அழ முடிந்தது.

அறுபதுகளின் நடுவில் பிரேசிலிலிருந்து வந்தீர்கள். ஓவியராகத் தொடங்கி ஆவணப்படத்துக்கு மாறியவர். "வரைந்தால் முகம் கிடைக்கிறது, நடை கிடைக்கவில்லை" என்பீர்கள். கடலூரில் பி.ஏ. முடித்துவிட்டு வீட்டிலிருந்த என்னை, பேச்சை மொழிபெயர்த்துச் சொல்லக் கூப்பிட்டீர்கள். "பகல்ல போயி பகல்லயே வந்துடணும்மா" என்று மட்டும் சொல்லி அத்தா அனுப்பினார்.

குமராட்சியில் நடவு நட்டுக்கொண்டிருந்த பெண்களில் அஞ்சலை மட்டும் நிமிர்ந்து நின்றாள்.

"எங்கள படம் புடிச்சிக்கினு போயி யாருக்கோ காட்டுவாங்க. எங்களுக்கு யாரு காட்டுவா?"

தயங்கித்தான் உங்களிடம் சொன்னேன். காமிராவை இறக்கிவிட்டீர்கள். "முதலில் இவர்களுக்குத்தான் காட்டுவேன் என்று சொல்."

அதைக் கேட்ட பிறகே அவள் குனிந்து நாற்றை எடுத்தாள். காமிரா ஓடியது. நடுவில் ஒருமுறை நம்மைப் பார்த்துச் சிரித்தாள்.

மறு வருஷம் சொன்னபடி படத்தோடு வந்தீர்கள். அதற்குள் அஞ்சலை பிரசவத்தில் போய்விட்டாள். அரிசி ஆலைக் கிடங்கின் சன்னல்களைச் சாக்கால் மூடி, திரையாக வேட்டியைக் கட்டிப் படம் ஓட்டினோம். திரையில் அவள் சிரித்தாள். அவளுடைய கணவர் மூத்த மகளைக் கையில் பிடித்தபடி எழுந்து வந்தார்.

"இன்னொரு வாட்டி போடுங்கம்மா. பொண்ணு சரியா பாக்கல."

போட்டீர்கள். மறுபடி கேட்டார். மறுபடியும் போட்டீர்கள். கடைசியில், "ஊட்ல அவ படம் ஒண்ணுகூட இல்லம்மா" என்றார்.

அந்தச் சுருளுக்கு நெகட்டிவ் கிடையாது. போனால் போனதுதான். நீங்கள் கத்தரிக்கோல் கேட்டபோது உங்கள் கையைப் பிடித்துக்கொண்டேன்.

"பிரதி எடுத்து அப்புறமா அனுப்பலாமே, அக்கா."

"அனுப்புகிறேன் என்று சொல்லிப் போனவர்களை இவர்கள் நிறையப் பார்த்திருப்பார்கள்."

சிரிப்பு இருந்த துண்டை வெட்டி அவர் கையில் கொடுத்தீர்கள். மகள் அதை வாசல் வெயிலில் தூக்கிப் பிடித்துப் பார்த்து, "அம்மா குட்டியா இருக்கு" என்றாள்.

நடுவில் தாவுகிறது என்று படவிழாவில் உங்கள் படத்தைத் திருப்பி அனுப்பினார்கள். உங்கள் நாட்டு ராணுவ அரசாங்கம் காமிராவையும் பறித்துக்கொண்டது. அதன் பிறகு உங்களுக்குத் தூரிகை மட்டும்தான். உங்களுக்குப் பெயர் வாங்கித் தந்தவை நடவுப் பெண்களின் ஓவியங்கள்தான். ஆனால் ஒன்றில்கூட அஞ்சலையின் முகம் இல்லை. ஏன் என்று கேட்டு எழுதினேன். "அதைக் கொடுத்துவிட்டேனே" என்று பதில் வந்தது.

பிற்பாடு நான் பத்திரிகைகளுக்கு எழுதத் தொடங்கினேன். யாரைப் பற்றி எழுதினாலும் அச்சுக்குப் போகுமுன் அவர்களிடம் படித்துக் காட்டுகிறேன். சிலர் ஒரு வரியை எடுக்கச் சொல்வார்கள். எடுத்துவிடுவேன். உங்களிடமிருந்து வந்த பழக்கம் அது.

இந்த மடலை உங்களிடம் படித்துக் காட்ட வழியில்லை. நாளைக் காலை குமராட்சிக்கு பஸ் ஏறுகிறேன். அஞ்சலையின் மகளிடம் படித்துக் காட்டிவிட்டு வருகிறேன்.